முழு நாடு கேட்டவர்

அவருடைய பெயரை நான் எழுதப்போவதில்லை. அந்தப் பெயருக்கு மாலை போடுகிறவர்களும், அதைக் கேட்டாலே காறித் துப்புகிறவர்களும் அவருடைய மலையில் இன்றைக்கும் இருக்கிறார்கள். இரண்டு பகுதியோடும் மல்லுக்கட்ட எனக்குத் தெம்பில்லை. மொன்றியலின் பார்க் எக்ஸ்டென்ஷனில் எங்கள் கட்டடத்தில் இருந்த எல்லோரும் அவரைத் 'தலைவர்' என்றுதான் சொன்னோம். முதலில் நக்கலுக்குச் சொன்னோம். பிறகு அதுவே பெயராகிவிட்டது. இரண்டாம் மாடிக் கிரேக்கக் கிழவிக்கு வேறு ஒரு தமிழ்ச் சொல்லும் தெரியாது. 'தலேவா' என்று மட்டும் கூப்பிடுவாள், அதுவும் குழாய் ஒழுகும்போது.

நாங்கள் அங்கே குடிவந்தது தொண்ணூறுகளின் தொடக்கத்தில், மொன்றியல் முழுக்க வீடு மாறும் ஜூலை முதலாம் திகதி. என் மனுசன் மெத்தையைத் தலையில் சுமந்துகொண்டு படியேறிக்கொண்டிருந்தார். மேலேயிருந்து ஒரு குரல் வந்தது. கேட்டதும் நாங்கள் இருவரும் திகைத்து நின்றோம். அச்சு அசல் மதராஸ் தமிழ்.

“சார், நில்லுங்க! படி ஈரமா இருக்கு. வழுக்கி விழுந்தா பில்டிங் பொறுப்பில்ல.”

நிமிர்ந்து பார்த்தால் இமயமலைப் பக்கத்து முகத்தோடு ஒரு குட்டையான மனிதர். தலையில் பூப்போட்ட துணித் தொப்பி. வெயில் மண்டையைப் பிளந்த அந்த நாளிலும் கழுத்துவரை பொத்தான் போட்ட கோட். கையில் நிலம் துடைக்கிற மொப்.

“நான் இந்த பில்டிங்குக்குக் கொன்சியேர்ஜ்” என்றார். “அது டெம்பரரி. ஒரிஜினலா நான் ஒரு தேசத்தோட தலைவர்.”

மெத்தைக்குக் கீழேயிருந்து என் மனுசன் கேட்டார்: “எந்தத் தேசம் அண்ணை?”

“இன்னும் கிடைக்கலை” என்று சொல்லிவிட்டு அவர் மிச்சப் படியைத் துடைக்கப் போனார்.

விஷயம் இதுதான். இந்தியாவின் வடகிழக்கு மூலையில், தேயிலைத் தோட்டங்கள் நிறைந்த ஒரு மலைப் பகுதியில் நேபாளி பேசுகிற சனம் தலைமுறை தலைமுறையாக இருக்கிறது. சமவெளியில் இருக்கிறவர்கள் அவர்களை 'நேபாளத்துக்குப் போ' என்பார்கள். நேபாளத்துக்குப் போனால் அங்கே இருக்கிறவர்கள் 'இந்தியாவுக்குப் போ' என்பார்கள். திருகோணமலையிலிருந்து வந்த எங்களுக்கு இந்தக் கதையில் விளங்காதது ஒன்றுமில்லை. மலையில் மற்றத் தலைவர்கள் தனி மாநிலம் கேட்டார்கள். இவருக்கு அது பிச்சை. இவர் தனி நாடு கேட்டார். முழு நாடு, கொடி, தபால்தலை, எல்லைக் காவல், எல்லாம்.

தமிழ் எப்படி வந்தது என்று கேட்டேன். இளவயதில் சென்னையில் சட்டம் படிக்கப் போனாராம். விடுதியில் இருந்தவர்கள் அவருடைய பெயரைக் கேட்டதே இல்லையாம். 'கூர்க்கா' என்று கூப்பிட்டு, “கேட்டைப் பூட்டியாச்சா?” என்று சிரிப்பார்களாம். அவர்களோடு சண்டை பிடிக்கத்தான் தமிழ் படித்தாராம். சண்டை பிடிக்கக் கற்ற மொழி என்பதால் அவருடைய தமிழில் கெஞ்சுகிற சொல் ஒன்றுமே கிடையாது. 'தயவுசெய்து' என்று அவர் சொல்லி நான் கேட்டதில்லை.

கொன்சியேர்ஜ் வேலைக்குச் சம்பளத்தோடு அடித்தளத்தில் இரண்டு அறை இலவசம். குப்பைப் பைகளை வெளியே வைப்பது, வாசல் பனியை வழிப்பது, எரிந்துபோன பல்பை மாற்றுவதுதான் வேலை. அவர் இதையெல்லாம் ஆட்சியாகத்தான் செய்தார். வாசல் கண்ணாடியில் அடிக்கடி அறிவித்தல் ஒட்டுவார். 'புதன்கிழமைக்கு முன் குப்பை வைப்போர் மக்கள் விரோதிகளாகக் கருதப்படுவர்' என்று ஆங்கிலத்திலும், அவருடைய கையாலாகாத பிரெஞ்சிலும். பிரெஞ்சில் அது 'குப்பைகள் மக்களை எதிர்க்கின்றன' என்று வந்திருந்ததாகப் பள்ளிக்கூடம் போகும் என் மகள் விழுந்து விழுந்து சிரித்தாள்.

நான் சபனெல் தெருவில் ஒரு தையல் தொழிற்சாலையில் வேலை செய்தேன். அது தெரிந்த அடுத்த வாரமே துணியோடு வந்துவிட்டார்.

“சிஸ்டர், ஒரு தேசியக் கொடி தைக்கணும்.”

பச்சை தேயிலைக்கு, வெள்ளை பனிக்கு, நடுவில் குக்ரிக் கத்தி. தைத்துக் கொடுத்தேன். கத்தி வாழைப்பழம் மாதிரி இருக்கிறது என்று என் மனுசன் சொன்னதை அவர் கேட்டும் கேளாததுமாய் இருந்தார். சில மாதத்தில் திரும்ப வந்தார். பச்சையை எடுத்துவிட்டு நீலம் வைக்க வேண்டும். ஏனென்று கேட்டேன். கட்சி உடைந்துவிட்டதாம். மொன்றியல் கிளையில் இருந்ததே மூன்று பேர். மற்ற இருவரும் சேர்ந்து இவரை நீக்கிவிட்டார்கள், இவர் அந்த இருவரையும் நீக்கிவிட்டார். பச்சைக் கொடி அவர்களோடு போய்விட்டது.

“அப்ப இப்ப கட்சியில ஆர் இருக்கினம்?”

“தலைவர் இருக்கேன்ல” என்றார்.

அவருடைய குணம் என்னவென்று எங்கள் எல்லோருக்கும் வடிவாக விளங்கியது ஒரு ஜனவரியில். கட்டடத்தைச் சூடாக்குகிற பாயிலர் படுத்துவிட்டது. வெளியே மூச்சு விட்டால் மீசையில் ஐஸ் கட்டுகிற குளிர். ஜன்னல் ஓரத்தில் வைத்த தண்ணீர் விறைத்துப்போனது. கட்டடச் சொந்தக்காரர் பக்கத்து நகரமான லவாலில் இருக்கும் ஒரு கிரேக்கர். அவர் போன் எடுத்து, பாயிலருக்குச் சாமான் வரச் சில நாள் பிடிக்கும், அதுவரைக்கும் பிள்ளைகளும் வயதானவர்களும் இருக்கிற வீடுகளுக்கு மின்சார ஹீற்றர் அனுப்புகிறேன் என்றிருக்கிறார். இங்கே போனைத் தூக்கியது யார்? தலைவர்.

துணி துவைக்கும் அறையில் கூட்டம் கூட்டினார். எல்லோரும் கோட்டும் தொப்பியுமாக நின்றோம். அவர் ஒரு கவிழ்த்த வாளியின் மேல் ஏறி நின்றார்.

“ஓனர் தரப்பு ஒரு யோசனை வச்சிருக்கு. நான் நிராகரிச்சிட்டேன்.”

“என்ன யோசனை?”

“பாதிச் சூடு. சில வீட்டுக்கு மட்டும் ஹீட்டர். நம்மைப் பிரிக்கப் பாக்கறாங்க. குடுத்தா முழு பில்டிங்குக்கும் குடு, இல்லைன்னா வேணாம்னுட்டேன்.”

அவர் கட்டடச் சொந்தக்காரரின் சம்பளத்தில் இருக்கிறவர் என்பது எங்களுக்கு அப்போதுதான் உறைத்தது. ஓனரின் ஆளும் அவர்தான், எங்களுடைய பிரதிநிதியும் அவர்தான். தானே தன்னோடு பேசி, பேச்சுவார்த்தையைத் தானே முறித்துக்கொண்டு வந்து நிற்கிறார்.

எனக்குப் பொறுக்கவில்லை. “அண்ணை, பிள்ளை இருமிக்கொண்டு கிடக்கிறாள். பாதிச் சூடெண்டாலும் சூடுதானே?”

அவர் என்னை இரக்கத்தோடு பார்த்தார். “சிஸ்டர், இதையேதான் டெல்லியும் சொன்னான்.”

பிறகு, பல்லுக் கிட்டுகிற அந்தக் குளிரில் டெல்லிக் கதையைத் தொடங்கினார். மலையில் இயக்கம் உச்சத்தில் இருந்தபோது பேச்சுக்குக் கூப்பிட்டார்களாம். நாடு தர முடியாது, மலைக்கென்று ஒரு நிர்வாக சபை தருகிறோம், பள்ளிக்கூடமும் ரோட்டும் ஆஸ்பத்திரியும் உங்கள் கையில் என்றார்களாம். இவர் தேநீரைக்கூடக் குடிக்காமல் எழுந்து வந்துவிட்டாராம். இவருக்குப் பக்கத்தில் உட்கார்ந்திருந்த துணைத்தலைவர் தேநீரையும் குடித்து, அதே மத்தியானம் கையெழுத்தும் போட்டுவிட்டாராம். “அவன் இன்னிக்கு சிவப்பு விளக்குக் கார்ல போறான்” என்றார் தலைவர். கையிலிருந்த மொப்பைப் பார்த்த எவரும் அப்போது சிரிக்கவில்லை. சிரித்தால் உதடு வெடிக்கும் குளிர்.

கிரேக்கக் கிழவி பேச்சு முடியும்வரை காத்திருக்கவில்லை. மேலே போய்ச் சொந்தக்காரருக்குத் தன் பாஷையில் போன் எடுத்தாள். அவள் போட்ட சத்தம் எங்களுக்குக் கீழே கேட்டது. பின்னேரத்துக்குள் ஒரு வான் வண்டியில் ஹீற்றர்கள் வந்து இறங்கின. அவற்றை ஒவ்வொரு மாடியாகச் சுமந்து ஏற்றியதும் தலைவர்தான். எங்கள் கதவில் ஒன்றை நீட்டியபோது அவருடைய முகம் சரணடைகிறவனின் முகம் மாதிரி இருந்தது.

“இது தோல்வி, சிஸ்டர்” என்றார். “திரைச்சீலைக்குத் தள்ளி வைங்க, பத்திக்கும்.”

தனக்கென்று ஒன்று எடுக்கவில்லை. அடித்தளத்தில் கம்பளியைப் போர்த்துக்கொண்டு இருமிக்கொண்டே கிடந்தார். நான் கொத்தமல்லித் தண்ணீர் வைத்துக் கொண்டுபோனேன். அரைக் கோப்பைதான் இருந்தது. பேசாமல் குடித்தார்.

அவரை மட்டந்தட்டவும் விட மாட்டேன். கோட்-டெ-நெய்ஜில் தமிழ்நாட்டுக்காரர் ஒருவருடைய வீட்டுப் பொங்கலுக்கு என் மனுசன் அவரையும் கூட்டிக்கொண்டு போனார். அங்கே வந்தவர்கள் எல்லாம் வைத்தியர்களும் பேராசிரியர்களும். அதில் பல்கலைக்கழகத்தில் பொறியியல் படிப்பிக்கிற ஒருவர் தலைவரைப் பார்த்ததும் குஷியாகிவிட்டார்.

“அட, நேபாளியா? எங்க மாம்பலத்து வீட்டுத் தெருவுல ஒரு கூர்க்கா இருந்தான். ராத்திரி பூரா விசில் அடிச்சு நம்ம தூக்கத்தைக் கெடுப்பான். மாசம் பிறந்தா வந்து தலையைச் சொறிவான்.”

தலைவர் தட்டைக் கீழே வைத்தார். “ஆமா சார். நீங்க நிம்மதியா தூங்கி எழுந்து, படிச்சு, ப்ரொஃபசர் ஆகி இங்க வந்து சேரணுமேன்னுதான் அவன் முழிச்சிருந்தான். அவன் பேர் என்ன சார்?”

பேராசிரியருக்குத் தெரியவில்லை. அத்தோடு நிறுத்தியிருந்தால் அன்றைக்கு அவர்தான் வென்றவர். நிறுத்தவில்லை. அங்கிருந்து மலைக்கு ஏறி, வெள்ளைக்காரன் காலத்து ஒப்பந்தத்தில் தொடங்கி, பொங்கல் ஆறி, வடை ரப்பராகி, பிள்ளைகள் சோபாவில் நித்திரையாகும்வரை பேசினார். அடுத்த வருசம் எங்களையும் அந்த வீட்டுக்குக் கூப்பிடவில்லை.

பிறகு அந்தப் பெரிய வாக்கெடுப்பு வந்தது, தொண்ணூற்றைந்தில். எங்கள் கியூபெக் மாகாணம் கனடாவை விட்டுப் பிரிவதா இல்லையா என்று. தெருவெல்லாம் பிரிவோம் என்கிற 'ஊய்', வேண்டாம் என்கிற 'நோன்' மட்டைகள். எங்கள் கட்டடத்தில் எல்லோரும் 'நோன்'தான். ஒரு நாடு உடைகிற சத்தத்தைக் கேட்டு ஓடி வந்தவர்கள், இன்னொன்று உடைவதைப் பார்க்க ஆசைப்படுவோமா? தலைவர் மட்டும் 'ஊய்'. அடித்தள ஜன்னலில் மட்டை வைத்தார். “சுதந்திரம் கேக்கறவன் எவனா இருந்தாலும் என் சகோதரன்” என்றார். அதைவிட விசேஷம், வாழ்க்கையில் அவர் போடப்போகிற முதல் வோட்டு அது. மலையில் எல்லாத் தேர்தலையும் பகிஷ்கரிக்கச் சொன்னவர் அல்லவா!

'ஊய்' பக்கத்துக்கு வீடு வீடாகப் போய்க்கொண்டிருந்த ஒரு இளம் கியூபெக்காரர் இவரைக் கண்டுபிடித்துப் புதையல் கிடைத்த மாதிரி ஆகிவிட்டார். பார்க் எக்ஸில் ஒரு புலம்பெயர்ந்தவர், அதுவும் உண்மையான விடுதலைத் தலைவர்! தேவாலய மண்டபத்தில் கூட்டம் வைத்து இவரைப் பேசச் சொன்னார்கள். நானும் போனேன். கியூபெக்கைப் பற்றி ஒரு வரி பேசினார். மிச்சமெல்லாம் மலை. கடைசியில் நெஞ்சில் கை வைத்துச் சொன்னார்: “என் மனைவியையும் இந்தப் போராட்டத்துக்குக் கொடுத்தவன் நான்.” அவருக்கு மனைவி இருந்ததே எனக்கு அன்றைக்குத்தான் தெரியும். மண்டபத்தில் பெண்கள் கண்ணைத் துடைத்தார்கள். நானும்தான்.

நூலிழையில் 'நோன்' வென்றது. அடுத்த நாள் காலை நான் வேலைக்கு இறங்கியபோது, வாசலில் அந்த இளைஞர் தலைவரின் தோளில் சாய்ந்து விம்மிக்கொண்டிருந்தார். “கொஞ்ச வோட்டு, கொஞ்ச வோட்டுத்தான்” என்று அழுதார். தலைவர் அவர் முதுகைத் தட்டிக்கொடுத்தார். அந்த இளைஞர் போன பிறகு தலைவர் மட்டையை ஜன்னலிலிருந்து கழற்றினார்.

“கவலைப்படாதேங்கோ அண்ணை” என்றேன்.

சுற்றுமுற்றும் பார்த்தார். “நான் நோன் போட்டேன், சிஸ்டர்.”

“ஏன் அண்ணை?” என்றேன்.

“எம் பொண்ணைக் கூப்பிடறதுக்கு எழுதிப் போட்டிருக்கேன். பேப்பர் ஒட்டாவால இருக்கு. இங்க நாடு பிரிஞ்சா அந்தப் பேப்பர் எங்க போகும், யார் பாப்பாங்க? இன்னொரு அஞ்சு வருஷம் ஆனாலும் ஆகும். அவளைப் பாத்தே எவ்வளவோ வருஷம் ஆச்சு.” மட்டையை நாலாக மடித்துக் குப்பைப் பைக்குள் அமுக்கினார். “இதை நீங்க யாருக்கும் சொல்லக் கூடாது.”

அன்றைக்குப் பேருந்தில் போகும் வழியெல்லாம் சிரித்தேன். தேசத்தின் தலைவர் ஒரு மகளுக்காகக் கட்சி மாறிவிட்டார் என்று. எங்கள் வீட்டில் சொல்லிச் சிரித்தேன். என் மனுசன் மட்டும் சிரிக்கவில்லை. “இப்பதான் அந்தாள் மனிசனாய்க் கதைச்சிருக்கிறார்” என்றார்.

அடுத்த வருசம் மாயா வந்தாள். இருபது வயது இருக்கும். அப்பாவின் உயரம், அம்மாவுடையதாக இருக்க வேண்டிய கண்கள். விமான நிலையத்துக்கு நீலக் கொடியோடு போனார் தலைவர். அவள் கொடியையும் பார்த்து, அவரையும் பார்த்து, “குளிராக இருக்கிறது, உள்ளே வையுங்கள்” என்றாளாம். சில மாதத்திலேயே பிரெஞ்சு வகுப்புக்குப் போய், ஒரு கார்டெறியில் சின்னப் பிள்ளைகளைப் பார்க்கும் வேலையும் எடுத்துவிட்டாள். முதல் வேலையாக வாசல் அறிவித்தல்களின் பிரெஞ்சைத் திருத்தினாள். பிறகு அறிவித்தல்களையே நிறுத்தினாள். அப்பாவோடு சண்டை பிடிக்கவில்லை. சிரிக்கவுமில்லை. தேவைக்குப் பேசினாள்.

சனிக்கிழமைகளில் என் சமையலறைக்கு வருவாள். அவளுக்குத் தமிழ் தெரியாது, எனக்கு நேபாளி தெரியாது. இரண்டு பேருக்கும் தெரிந்த ஆங்கிலத்தில் கதைப்போம். ஒரு நாள் புட்டுக்கு மா குழைத்துக்கொண்டிருந்தபோது, உன் அம்மா போராட்டத்தில் இறந்ததைப் பற்றி அப்பா கூட்டத்தில் சொன்னார், எனக்கு அழுகை வந்துவிட்டது என்றேன். ஆறுதலாகச் சொன்னதாக எனக்கு நினைப்பு.

அவள் கேட்டாள்: “எப்படி இறந்தாள் என்று சொன்னாரா?”

“இல்லை.”

“நான் ஜீப்பில் இருந்தேன். எனக்குப் பத்து வயது.”

மலையில் பந்த் நடந்துகொண்டிருந்த நாள். நாங்கள் ஹர்த்தால் என்போமே, அதுதான். ஆனால் அவருடைய பந்த் வேறு மாதிரி. ஒரு சக்கரம் உருளக் கூடாது என்பது உத்தரவு. மாயாவின் அம்மாவுக்கு வயிற்றில் பிள்ளை. காலையில் இரத்தம் போகத் தொடங்கியது, நிற்கவில்லை. ஆஸ்பத்திரி மலைக்குக் கீழே. சித்தப்பா ஜீப்பை எடுத்தார். சந்தியில் மரத்தை வெட்டிப் போட்டு இயக்கத்துப் பொடியன்கள் நின்றார்கள். எல்லோரும் அவள் கையால் சாப்பிட்டவர்கள். அவர்களும் அழுதார்களாம். ஆனால் உத்தரவு உத்தரவுதான். தலைவர் அடுத்த முகட்டில் கூட்டத்தில் பேசிக்கொண்டிருந்தார். அவரிடம் கேட்டு வர ஒருத்தன் ஓடினான்.

“கேட்டு வந்தானா?” என்றேன். என் கை மாவுக்குள்ளேயே நின்றது.

“வந்தான். அப்பா சொன்னாராம், என் வீட்டு ஜீப்பை விட்டால் நாளைக்கு எவன் வீட்டு ஜீப்பை நான் நிறுத்துவேன் என்று. பாதி பந்த் என்று ஒன்று கிடையாது என்றாராம்.” அவள் தேங்காய்ப் பூவை எடுத்து என் பக்கம் நகர்த்தினாள். “அம்மா என்னிடம், அப்பா என்ன சொன்னார் என்று கேட்டாள். வழி விடச் சொல்லிவிட்டார், மரத்தைத் தூக்குகிறார்கள் என்று பொய் சொன்னேன். அதைக் கேட்டுக்கொண்டுதான் போனாள்.”

எனக்கு ஊரில் இராணுவம் மறிக்கிற சென்றிகளைத் தெரியும். வழி மறிக்கிறவனின் கையில் துவக்கு இருக்கும், சட்டை பச்சையாக இருக்கும், பாஷை வேறாக இருக்கும். அதைச் சபிக்க எனக்குச் சொற்கள் இருந்தன. இதற்கு இருக்கவில்லை. அன்றைக்குப் புட்டு அவியவே இல்லை.

அதற்குப் பிறகு பல மாதம் நான் தலைவரைக் கண்டால் 'பொன்ஜூர்' என்று மட்டும் சொல்லிக் கடந்துபோவேன். மாயா சொல்லிவிட்டாள் என்று அவருக்கும் விளங்கியிருக்கும். எங்கள் வீட்டு வாசல் படியை மட்டும் இரண்டு தரம் துடைக்கத் தொடங்கினார். எனக்கு அதுவும் எரிச்சலாக இருந்தது.

இந்த நிலைமையில்தான் மலையிலிருந்து போன் வந்தது. பேசியவர் அந்தப் பழைய துணைத்தலைவர், சிவப்பு விளக்குக் கார்க்காரர், நிர்வாக சபைத் தலைவர். தேர்தல் வருகிறது போலும். பழைய இயக்கத்தை நினைவுபடுத்த ஆள் தேவைப்பட்டிருக்கிறது. ஜீப் நின்ற அந்தச் சந்தியில் ரவுண்டானா கட்டி, தலைவரின் மனைவிக்குச் சிலை வைத்திருக்கிறார்களாம். 'மலைத் தாய்' என்று கல்வெட்டு. தலைவரே வந்து திறக்க வேண்டும், டிக்கெட் அனுப்புகிறோம் என்றார்கள்.

நாடு பிறக்காமல் மலையில் கால் வைக்க மாட்டேன் என்று சத்தியம் செய்திருந்தவர் ஒரு இரவு யோசித்துவிட்டுச் சம்மதித்தார். கேட்டது நாடு, கிடைத்தது ஒரு ரவுண்டானா. அவருடைய வாழ்க்கையில் அரைகுறைக்குத் தலையாட்டியது அதுதான் முதல் தரம் என்று என் மனுசனிடம் சொன்னேன். மாயாவையும் வரச் சொன்னார். அவள் லீவு கிடைக்காது என்றாள்.

புறப்படுவதற்கு முந்தின ஞாயிறு எங்கள் இருவரையும் அடித்தளத்துக்குக் கூப்பிட்டார். பேச்சை ஒத்திகை பார்க்க வேண்டுமாம். நான் வரமாட்டேன் என்றேன். என் மனுசன் இழுத்துக்கொண்டு போனார். கோட்டும் தொப்பியும் போட்டு, தையல் பிரிந்த சோபாவுக்கு முன்னால் நின்று ஆங்கிலத்தில் பேசிக் காட்டினார். மாயா அடுப்படியில் வெங்காயம் வெட்டிக்கொண்டிருந்தாள்.

“அவள் ஒரு தாய். அவள் ஒரு போராளி. இந்த மண்ணுக்காக அவள் தன் உயிரைக் கொடுத்தாள்…”

“கொடுத்தாளா?” என்றாள் மாயா. திரும்பிப் பார்க்கவில்லை. குரலும் உயரவில்லை. பிள்ளைகளிடம், நீயா பாலைக் கொட்டினாய் என்று கேட்கிற மாதிரிக் கேட்டாள்.

அவருடைய கை அந்தரத்தில் நின்றது. தொப்பியைக் கழற்றினார். தொப்பி இல்லாமல் நான் அவரைப் பார்த்தது அன்றைக்குத்தான். தலை பாதி வழுக்கை. நாங்கள் மெதுவாக எழுந்து வந்துவிட்டோம்.

ஒரு மாதம் கழித்துத் திரும்பி வந்தார். கோபம் ஆறியிருந்ததோ, நடந்த புதினத்தை விடுப்புக் கேட்கிற ஆசையோ, சோறும் மீன்குழம்பும் எடுத்துக்கொண்டு கீழே போனேன். உள்ளே அவர் கொண்டுவந்த பெட்டி கட்டவிழ்க்காமல் கிடந்தது. அதன்மேல் வாடிப்போன ஒரு சாமந்தி மாலை. மாயா கதிரையில் இருந்தாள். அவள் அவரிடம் ஒன்றும் கேட்கவில்லை என்று தெரிந்தது. நான்தான் கேட்டேன்.

“எப்பிடி நடந்தது அண்ணை?”

இரண்டு பேருக்கும் விளங்கட்டும் என்று ஆங்கிலத்தில்தான் சொன்னார். எனக்கென்னவோ இப்போது அது அவருடைய மதராஸ் தமிழிலேயே காதில் கேட்கிறது.

“பெரிய கூட்டம், சிஸ்டர். மலை பூரா வந்திருந்தது. மைக்கைக் குடுத்தாங்க. ரெண்டு மணி நேரத்துக்குப் பேச விஷயம் வச்சிருந்தேன். துணியை இழுத்தேன். சிலையைப் பாத்தேன். அவ மாதிரியே இல்லை. கையில துப்பாக்கி வச்சிருந்தாங்க. பேச்சு போயிடுச்சு. அப்புறம் சொன்னேன். இவ ஆஸ்பத்திரிக்குப் போகணும்னு கேட்டா. இந்த இடத்துலதான் ஜீப் நின்னுச்சு. விடாதேன்னு சொன்னது நான். மரத்தை நகர்த்தச் சொல்லியிருந்தா இன்னிக்கு உயிரோட இருப்பா. அவ எதையும் குடுக்கலை. நான்தான் எடுத்தேன்.”

மாயா அசையாமல் அவரையே பார்த்தாள்.

“சனங்கள் என்ன செய்ததுகள்?” என்றேன்.

“கை தட்டினாங்க.”

“என்னது?”

“எழுந்து நின்னு கை தட்டினாங்க. பெண்டாட்டிக்கே வளையாத தலைவர் வாழ்கன்னு கோஷம். இல்லை, இல்லை, நான் சொல்றது அது இல்லைன்னு மைக்ல கத்தறேன். இன்னும் பலமா தட்டறாங்க. என் துணைத்தலைவன் ஓடி வந்து மாலை போடறான்.”

குழம்புச் சட்டியை எங்கே வைப்பதென்று தெரியாமல் கையிலேயே வைத்துக்கொண்டு நின்றேன். மாயா எழுந்து போய் அவருக்குப் பக்கத்தில், சோபாவில் உட்கார்ந்தாள். இந்த இரண்டு வருசத்தில் அவள் அங்கே உட்கார்ந்து நான் கண்டதில்லை.

“அதற்குப் பிறகு என்ன சொன்னீர்கள்?” என்று கேட்டாள்.

“ஒண்ணும் சொல்லலை. மைக்கை வச்சிட்டு இறங்கி வந்துட்டேன்” என்றார். “அதுக்கும் தட்டினாங்க.”